கட்டிகா உந்தி

அகிலா அந்த வார்த்தையை யாரிடமும் சொல்லவில்லை. கல்யாண மண்டபத்தில் நடந்த இலவச மருத்துவ முகாமிலிருந்து திரும்பும் வழியில் சிறுகீரை வாங்கினாள். வீட்டுக்கு வந்து கேழ்வரகு மாவைச் சலித்தாள், உலை வைத்தாள், களி கிண்ட ஆரம்பித்தாள். துடுப்பைச் சுழற்றும்போது இடது கை தோளிலிருந்து விரல் வரைக்கும் மரத்துப்போனது. துடுப்பு பானையிலேயே நிற்க, அவள் அடுப்பின் முன்னால் தரையில் உட்கார்ந்துவிட்டாள்.

"இன்னா, கிறுகிறுன்னு வருதா?" என்றாள் மாமியார் சுந்தரம்மா.

"ஒண்ணுமில்ல அத்தே. அனலு."

"அங்க இன்னா சொன்னாங்கோ? பிபி பாத்தாங்களா?"

"பாத்தாங்க. நார்மல்தானாம்."

பொய் இல்லை. ரத்த அழுத்தம் சரியாகத்தான் இருந்தது. அதற்குப் பிறகு நடந்ததைத்தான் அவள் சொல்லவில்லை.

நர்சம்மா தெலுங்குக்காரி. இடது பக்கம் வலிக்கிறது, கை மரத்துப்போகிறது என்று அகிலா சொன்னதும், திரும்பி உட்காரச் சொல்லி ஜாக்கெட்டின் பின்பக்கத்தைத் தூக்கினாள். முதுகுத்தண்டிலிருந்து விரலை வைத்து, அக்குளுக்குக் கீழே கொண்டுவந்து, மார்பு ஆரம்பிக்கும் இடத்தில் நிறுத்தினாள். பிறகு உதட்டைப் பிதுக்கிக்கொண்டு சொன்னாள்: "சால கட்டிகா உந்தி. தீசேயாலி."

அதற்குமேலும் ஏதோ சொன்னாள். மைக்கில் யாரோ யாருடைய பெயரையோ கூப்பிட்டார்கள், பக்கத்தில் ஒரு குழந்தை ஊசிக்கு அழுதது. அகிலா எல்லாவற்றுக்கும் தலையாட்டினாள். அடுத்தவள் அவளை இடுப்பால் தள்ளிவிட்டு ஸ்டூலில் உட்கார்ந்தாள்.

பள்ளிப்பட்டிலிருந்து எல்லை தாண்டி ஆந்திராவின் நகரிக்கு வாழ்க்கைப்பட்டு வந்தவள் அகிலா. கடையில் விலை கேட்கவும், பஸ்ஸில் இறங்கும் இடத்தைச் சொல்லவும் போதுமான தெலுங்கு அவளிடம் இருந்தது. சால என்றால் நிறைய. உந்தி என்றால் இருக்கிறது. தீசேயாலி என்றால் எடுத்துவிட வேண்டும். நடுவில் இருந்த வார்த்தைக்கு அவளுக்கு யாரும் அர்த்தம் சொல்ல வேண்டியதில்லை. அவள் எட்டாவது படிக்கும்போது அந்த வார்த்தை அவர்கள் வீட்டில் ஒரு வருஷம் புழங்கியது. அம்மாவுக்கு மாரில் கட்டி. அம்மா அதை யாருக்கும் காட்டவில்லை. மஞ்சளும் வேப்பிலையும் அரைத்துத் துணியை இறுக்கிக் கட்டிக்கொண்டே கழனிக்குப் போய்வந்தாள். வாடை வீடு முழுக்கப் பரவிய பிறகுதான் நைனாவுக்கே தெரிந்தது.

மோனிகாவுக்கு இப்போது நாலு வயது. களியை உருட்டித் தட்டில் வைத்து, கீரையைக் குழிக்குள் விட்டுக்கொடுக்கும்போது அகிலா மகளின் முகத்தைப் பார்க்காமல் இருந்தாள். பார்த்தால் அழுதுவிடுவோம் என்று பயமாக இருந்தது.

வீட்டுக்குப் பின்னால் தகரக் கூரை போட்ட கொட்டகையில் நாலு பவர்லூம் தறி ஓடின. அவள் புருஷன் தனசேகர் தறி பார்ப்பான். அகிலா ஊடை நூலைத் தார்க்குச்சியில் சுற்றிக் கொடுப்பாள். பாவில் இழை அறுந்தால் கையை உயர்த்தி எட்டி முடிச்சுப் போடுவாள். சித்திரை வெயிலில் தகரம் காய்ந்து, கொட்டகைக்குள் நின்றாலே வேர்வை முதுகில் ஓடும். ஓடி வந்த வேர்வை ஜாக்கெட்டுக்குள் பாடியின் பட்டையில் தேங்கி எரியும். ஒவ்வொரு தடவை கையைத் தூக்கும்போதும் பட்டை மேலே ஏறி மார்பின் அடியில் அறுக்கும். குளிக்கும்போது பார்த்தால் விலாவைச் சுற்றிக் கறுப்பாக ஒரு வளையம். எல்லாப் பெண்களுக்கும் அப்படித்தான் இருக்கும் என்று அவள் நினைத்திருந்தாள்.

அந்த வீட்டில் பாடி வாங்குவது சுந்தரம்மாவின் வேலை. சந்தை நாளில் தள்ளுவண்டிக்காரனிடம் தனக்கு, மருமகளுக்கு, பக்கத்துத் தெருவில் இருக்கும் மகள் ரோஹிணிக்கு என்று மொத்தமாக எடுத்துவருவாள். "நம்ம வூட்ல எல்லாருக்கும் முப்பத்தி ரெண்டு" என்று வண்டிக்காரனிடம் ரேஷன் கார்டு நம்பர் மாதிரி சொல்லுவாள். மோனிகா பிறந்த பிறகு அகிலாவின் உடம்பு மாறியது, நம்பர் மாறவில்லை. கொக்கி பிய்ந்துபோன இடத்தில் ஊக்கு குத்திக்கொண்டாள்.

முகாமுக்குப் பிறகு குளியலறையில் அவள் விரலால் தேடத் தொடங்கினாள். முதல் நாள் ஒன்றும் தட்டுப்படவில்லை. இன்னும் உள்ளே இருக்கும் என்று நினைத்து அழுத்தினாள். அடுத்த நாள் ஒன்று தட்டுப்பட்டது. அது விலா எலும்பு. பிறகு அக்குள் பக்கம் ஒன்று, நடுவில் ஒன்று. தேடத் தேட எல்லாமே கட்டியாகத்தான் இருந்தது. வலது பக்கத்தையும் தொட்டுப் பார்த்தாள், அங்கேயும் அப்படியே. வெளியே மோனிகா கதவைத் தட்டி, "எம்மா, தண்ணி தீந்துடுச்சா?" என்று கேட்கிறவரைக்கும் ஈரத்தோடு நின்றாள்.

தாங்க முடியாமல் போனபோது ரோஹிணியிடம்தான் சொன்னாள். ரோஹிணி தனசேகரின் தங்கை, ஆனால் அகிலாவைவிட மூத்தவள். தெலுங்கு மீடியத்தில் பத்தாவது வரை படித்தவள். புருஷன் லாரியோடு பாதி மாதம் வெளியூரில் இருப்பதால், பகலில் அண்ணன் வீட்டுக்கு வந்து தார் சுற்றுவாள், வாய் ஓயாமல் பேசுவாள்.

நாலு தறியும் ஓடினால் கொட்டகையில் பக்கத்தில் இருப்பவரின் காதுக்குள் கத்த வேண்டும்.

"ரோஹிணி, எனக்கு ஒண்ணு கீது."

"இன்னா?"

"மார்ல."

"மாரியம்மனா? எங்க?"

"மார்ல கட்டி" என்று அகிலா முழுத் தொண்டையில் கத்தினாள். அந்த நொடியில் கரண்ட் போனது. நாலு தறியும் ஒன்றாக நின்றன. 'கட்டி' மட்டும் தகரத்தில் மோதித் தனியாகக் கேட்டது.

கடைசித் தறியிலிருந்து தனசேகர் தலையைத் தூக்கினான். "இன்னாது கட்டி?"

அகிலா ரோஹிணியைப் பார்த்தாள்.

"வெல்லக்கட்டிண்ணா" என்றாள் ரோஹிணி. "வூட்ல வெல்லக்கட்டி இல்லியாம். பொங்கல் வெக்கணுமாம்."

"சித்திரைல இன்னா பொங்கல்?"

"ஏன், சித்திரைல பொங்கல் வெச்சா துன்ன மாட்டியா நீ?"

அவன் துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு டீ குடிக்கப் போனான். ரோஹிணி அகிலாவின் மணிக்கட்டைப் பிடித்தாள். சிரிப்பு அவள் முகத்திலிருந்து மொத்தமாகப் போயிருந்தது.

"யாரு சொன்னது?"

"கேம்ப்ல நர்சம்மா. எடுத்துரணுமாம்."

"அண்ணன்கிட்ட சொன்னியா?"

"இல்ல. எங்கம்மாக்கு வந்ததுதான் எனக்கும் வந்துகினு கீது. மோனிகாவ..."

"வாய மூடு. நாளைக்குத் திருப்பதி போறோம், லேடி டாக்டர்கிட்ட காட்டுறோம். நாராயணவனத்துல கல்யாணம் வருதில்ல, சீலை எடுக்கப் போறோம்னு நான் சொல்லிக்கிறேன்."

அகிலா நகரவில்லை. தரையைப் பார்த்துக்கொண்டு, "மொதல்ல ஒரு நல்ல பாடி வாங்கணும்" என்றாள்.

"உசுரு போவுதுன்ற, பாடி வாங்கணும்ன்ற."

"ஊக்கு குத்தினத டாக்டர் முன்னாடி எப்டிக் கழட்டுறது? அங்க நாலு பேரு இருப்பாங்க."

ரோஹிணி எதிர்த்துப் பேசவில்லை. அதுவே அகிலாவுக்கு அதிக பயத்தைக் கொடுத்தது.

மறுநாள் பஸ்ஸில் ஜன்னல் கம்பி தொட முடியாமல் சுட்டது. புத்தூர் தாண்டும்வரை ரோஹிணி பேசிக்கொண்டே வந்தாள். யார் வீட்டில் போர் வற்றிவிட்டது, யார் மகள் சத்தியவேடு பக்கம் கம்பெனி வேலைக்குப் போய் அங்கேயே ஒருத்தனைப் பார்த்துக்கொண்டாள், மாங்காய் இந்த வருஷம் ஏன் பிஞ்சிலேயே உதிர்ந்தது. அகிலாவின் காதில் எதுவும் ஏறவில்லை. அம்மா கடைசியாக ஆஸ்பத்திரிக்குப் போனதும் இதே மாதிரி ஒரு ஜன்னலோரத்தில்தான். அன்று யாரும் அம்மாவிடம் பேசவில்லை. தன் பக்கத்தில் பேச ஒருத்தி இருக்கிறாள் என்று நினைத்து மனதைத் தேற்றப் பார்த்தாள். தேறவில்லை.

திருப்பதி காந்தி ரோட்டுக்குப் பக்கத்துச் சந்தில், பெண்களே விற்கும் ஒரு கடைக்கு ரோஹிணி கூட்டிப்போனாள். ஏசி போட்டிருந்தார்கள். கழுத்தில் டேப் தொங்க, கண்ணாடி போட்ட ஓர் அம்மா கல்லாப் பக்கம் நின்று டிபன் டப்பாவைத் திறக்கப் பார்த்துக்கொண்டிருந்தாள். இவர்களைப் பார்த்ததும் மூடினாள்.

"ஏ சைஜு?"

"முப்பத்தி ரெண்டு" என்றாள் அகிலா.

அந்த அம்மா அகிலாவை மேலும் கீழும் பார்த்தாள். "யாரு சொன்னது முப்பத்தி ரெண்டு?" என்று திருப்பதித் தமிழில் கேட்டாள்.

"எங்க மாமியாரு."

"மாமியாரு அளவு எடுத்தாங்களா?"

"பாத்து வாங்கிக்கினு வருவாங்க."

"என் மாமியாரும் அப்டித்தான் எனக்கு செருப்பு வாங்கினாங்க. லோப்பலிக்கி ரா அம்மா."

உள்ளே ஒரு சின்ன அறை, கண்ணாடி, ஸ்டூல். அகிலா இதுவரை புருஷன், மகள் தவிர யார் முன்னாலும் சேலை முந்தானையை இறக்கியதில்லை. ஜாக்கெட்டைக் கழற்றி நெஞ்சோடு அணைத்துக்கொண்டு நின்றாள். முகத்தைக் கண்ணாடியிலிருந்து திருப்பிக்கொண்டாள். ஒரு விரல் பட்டாலே இந்த அம்மாவுக்குத் தெரிந்துவிடும் என்று தோன்றியது. ஊர்பேர் தெரியாதவள் தெரிந்துகொண்டால் பரவாயில்லை என்றும் தோன்றியது.

"சேதுலு எத்தம்மா."

கையைத் தூக்கினாள். பின்னால் நின்ற அந்த அம்மா ஊக்கைத் தொட்டுப் பார்த்தாள். பட்டைக்கு அடியில் விரலை நுழைக்கப் பார்த்தாள், நுழையவில்லை. கறுத்த வளையத்தின் மேலேயே விரலை ஓட்டி இடது பக்கம் வந்து, அதே இடத்தில் நிறுத்தினாள். நாக்கைச் சப்புக்கொட்டினாள்.

"அய்யோ, சால கட்டிகா உந்தி கதா."

அகிலா ஸ்டூலைப் பிடிக்கப் போய் அது சாய்ந்தது. தரையில் உட்கார்ந்து, ஜாக்கெட்டை வாயில் அடைத்துக்கொண்டு அழுதாள். உங்களுக்கும் தெரிஞ்சிடுச்சா, உங்களுக்கும் தெரிஞ்சிடுச்சா என்று துணிக்குள் அவள் சொன்னது அந்த அம்மாவுக்குப் புரியவில்லை. அவள் கதவைத் திறந்து, "மீ அம்மாயிக்கி ஏமைந்தோ சூடு" என்று, என்ன ஆனதென்று வந்து பார்க்கச் சொல்லி ரோஹிணியைக் கூப்பிட்டாள்.

"நீங்க இன்னா சொன்னீங்க?" என்று ரோஹிணி கேட்டாள்.

"ஒண்ணுமே சொல்லலமா. கட்டிகா உந்தின்னேன்."

ரோஹிணி அகிலாவின் முன்னால் குத்துக்காலிட்டு உட்கார்ந்தாள். "அண்ணி. இங்க பாரு. அந்த நர்சம்மா இன்னா சொன்னா? அவ சொன்ன மாதிரியே சொல்லு."

"சால கட்டிகா உந்தி. தீசேயாலி."

"அவ்ளோதானா?"

"அவ்ளோ போதாதா?"

ரோஹிணிக்கு முதலில் தோள் குலுங்கியது. அகிலா அவளும் அழுகிறாள் என்றுதான் நினைத்தாள். பிறகு அவள் சுவரில் சாய்ந்து, வயிற்றைப் பிடித்துக்கொண்டு, கண்ணில் நீர் வரச் சிரித்தாள்.

"அது கட்டி இல்ல அண்ணி. கணபதிக்கு வர்ற க. அழுத்திச் சொல்லணும். அப்டின்னா இறுக்கம். டைட்டு. பாடி ரொம்ப டைட்டா கீது, கழட்டிக் கடாசணும்னு சொல்லிக்கிறா அந்தப் புண்ணியவதி. தெலுங்குல நம்ம கட்டிக்கு கட்டின்னே சொல்ல மாட்டாங்க. கட்டான்னுவாங்க, அதுவும் கணபதி க."

"கட்டிகா செப்புன்னா சத்தமா சொல்லுன்னு தானே?"

"அதுவும் அதான். இதுவும் அதான். நான் இன்னா பண்ணட்டும்?"

அகிலா கடைக்கார அம்மாவைப் பார்த்தாள். அவள் தன் இரண்டு கையையும் சேர்த்து இறுக்கிக் காட்டி, "டைட்டு, டைட்டு" என்றாள். அவளுக்கும் இப்போது விஷயம் புரிந்து சிரிப்பு முட்டியது. ஆனாலும் சிரிக்காமல் ஒரு சொம்பில் தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தாள்.

அகிலா குடித்தாள். நாலு விரலில் பிடித்தும் தண்ணீர் கழுத்தில் வழிந்தது.

பிறகு அளவு எடுத்தார்கள். மூச்சை விடச் சொல்லி மார்புக்குக் கீழே டேப்பைத் தரைக்குச் சமமாகச் சுற்றினாள் அந்த அம்மா. முப்பத்தி நாலு. கொஞ்சம் முன்னால் குனியச் சொல்லி மார்பின் மேலே சுற்றினாள். முப்பத்தி எட்டு. "கீழ சுத்தளவு இது. மேல எவ்ளோ ஜாஸ்தியோ அது கப்பு. ரெண்டும் வேற வேற. உங்க மாமியாருக்கு ஒரே நம்பர்தான் தெரியும்."

முதலில் போட்டது மேலே விலகி நின்றது. இரண்டாவது பக்கவாட்டில் பிதுங்கியது. மூன்றாவதைப் போட்டு, குனிந்து, கையால் இரண்டு பக்கமும் எடுத்து உள்ளே வைக்கச் சொன்னாள். கடைசிக் கொக்கியில் மாட்டிவிட்டு, பட்டைக்கு அடியில் இரண்டு விரலை விட்டுப் பார்த்தாள். தோள் பட்டையைக் கொஞ்சம் தளர்த்தினாள். "இப்போ கையத் தூக்கு."

தறியில் இழை எட்டுவது போல அகிலா கையைத் தூக்கினாள். எதுவும் மேலே ஏறவில்லை, எதுவும் அறுக்கவில்லை. மூச்சை இழுத்தாள். அது எவ்வளவு தூரம் உள்ளே போகிறது என்பது அவளுக்கே ஆச்சரியமாக இருந்தது.

"நீங்களும் வாங்கம்மா" என்று அந்த அம்மா டேப்போடு ரோஹிணி பக்கம் திரும்பினாள். "உங்க அம்மாவோட முப்பத்தி ரெண்டையும் பாத்துருவோம்."

ரோஹிணி இரண்டு கையையும் மார்பின் குறுக்கே கட்டிக்கொண்டாள். "எனக்கு வேணாம். நான் முப்பத்தி ரெண்டுலயே பொறந்தவ."

"ஒரு நிமிஷம்தான்."

"வேணாம்னா வுடுங்களேன்." சிரித்துக்கொண்டுதான் சொன்னாள். ஆனால் ஓரடி பின்னால் போய்க் கதவோடு ஒட்டிக்கொண்டாள்.

வெளியே வந்ததும் ரோஹிணிக்குப் பசி பிடித்துக்கொண்டது. "மீல்ஸ் துன்னுட்டு நாலு மணி பஸ்ஸப் புடிச்சிடலாம். அண்ணன்கிட்ட சொல்லி நாலு நாளைக்கு சிரிக்கலாம். எங்கம்மா மட்டும் இத்த கேட்டா..."

அகிலாவும் சிரித்தாள். ஓட்டலில் இலையைத் துடைத்தார்கள், பப்பு ஊற்றினார்கள், ஊறுகாய் காரம் மூக்கில் ஏறியது. பாதிச் சாப்பாட்டில் அவள் கை நின்றுவிட்டது.

"ரோஹிணி. நர்சம்மா கட்டி இருக்குன்னு சொல்லல."

"அதான் சொன்னேனே."

"இல்லன்னும் சொல்லல. யாருமே தொட்டுப் பாக்கல."

"இன்னா பேசற நீ? டைட்டாலதான் வலி."

"வலி டைட்டால. சரி. எங்கம்மாக்கு வலியே இல்லாமத்தான் வந்தது."

ரோஹிணி அப்பளத்தை நொறுக்கினாள். இன்னொரு தடவை நொறுக்கினாள். "ஒண்ணுமில்லாததுக்குப் போயி எதுக்கு வரவழைச்சுக்கணும்? தெரியாம இருந்தா இருந்துட்டுப் போவுது."

"எங்கம்மா சொன்ன மாதிரியே சொல்ற."

சாப்பிட்டு முடித்து ரோஹிணியாகவே ஆட்டோவைக் கூப்பிட்டாள்.

ஆஸ்பத்திரியில் டோக்கன் வாங்கிப் பெஞ்சில் உட்கார்ந்தார்கள். காலையில் ஒரு வார்த்தையைப் பிடித்துக்கொண்டு பயந்தாள் அகிலா. இப்போது பிடித்துக்கொள்ள எதுவும் இல்லை. பயம் மட்டும் தனியாக இருந்தது, அது பெரியதாகவும் இருந்தது. புதுப் பாடி உடம்போடு ஒட்டி, இருப்பதே தெரியாமல் இருந்தது. அவள் பக்கத்தில் ரோஹிணி முதலில் சுவரில் ஒட்டியிருந்ததை எல்லாம் படித்துச் சொல்லிக்கொண்டிருந்தாள். பிறகு அதுவும் நின்றது. முந்தானை நுனியை விரலில் சுற்றுவதும் பிரிப்பதுமாக இருந்தாள்.

டாக்டர் சின்ன வயதுப் பெண். தெலுங்கில்தான் பேசினாள். ரோஹிணி தமிழில் மாற்றிச் சொன்னாள். அகிலா படுத்துக் கையைத் தலைக்கு மேலே வைத்தாள். மூன்று விரலின் தட்டைப் பக்கத்தால் டாக்டர் வட்டம் வட்டமாக அழுத்திக்கொண்டே வந்தாள், அக்குள் வரைக்கும். பிறகு அடுத்த பக்கம். மின்விசிறி சுற்றும் சத்தம் கேட்டது. அகிலா டாக்டரின் முகத்தைப் பார்த்தாள். அதில் ஒன்றும் தெரியவில்லை.

"ஏமீ லேது அம்மா" என்றாள் டாக்டர்.

அதற்கு மொழிபெயர்ப்பு வேண்டியிருக்கவில்லை. ஆனாலும் அகிலா ரோஹிணியைப் பார்த்தாள்.

"ஒண்ணுமில்லியாம்" என்றாள் ரோஹிணி. "அம்மாக்கு இருந்துச்சில்ல, அதுக்காக ஒரு ஸ்கேன் எடுத்துக்கணுமாம். வருஷத்துக்கு ஒரு தபா வந்து காட்டணுமாம். மாசா மாசம் நீயே இந்த மாதிரி விரலால பாத்துக்கணுமாம். புதுசா ஒண்ணு தட்டுப்பட்டா, வலி இல்லன்னாலும் உடனே வந்துரணுமாம்."

கடைசி வரியை அவள் மெதுவாகச் சொன்னாள்.

அகிலா எழுந்து உட்கார்ந்து கொக்கியை மாட்டினாள். ஜாக்கெட்டைப் போட்டு முந்தானையைச் சரிசெய்தாள். டாக்டர் அடுத்த டோக்கனைக் கூப்பிட மணியின் மேல் கையை வைத்தாள்.

"போலாமா?" என்றாள் அகிலா.

ரோஹிணி எழுந்திருக்கவில்லை. மடியில் இருந்த பையை எடுத்து அகிலாவின் கையில் கொடுத்தாள்.

"அண்ணி, நீ கொஞ்சம் வெளிய இரு."

"எதுக்கு?"

"சும்மா. இவ்ளோ தூரம் வந்துட்டோமில்ல." அகிலாவின் பக்கம் திரும்பாமலே சொன்னாள். பிறகு டாக்டரைப் பார்த்துத் தெலுங்கில், "நாதி கூடா ஒக்கசாரி சூடண்டி மேடம்" என்றாள்.

என்னுடையதையும் ஒரு தடவை பாருங்கள். ஒவ்வொரு வார்த்தையும் அகிலாவுக்குப் புரிந்தது. அவள் திரைக்கு வெளியே வந்து நின்றாள். கடையில் டேப்பைப் பார்த்துப் பின்னால் போன காலும், குறுக்கே கட்டிய கையும் இப்போதுதான் அவளுக்குத் தெரிந்தன.

உள்ளே கட்டில் கிறீச்சிட்டது. பிறகு டாக்டர் கேட்டாள்: "எந்நாள்ள நுஞ்சி உந்தி?"

எத்தனை நாளாக இருக்கிறது.

நகரி தெருவில் யார் என்ன கேட்டாலும் கேட்டு முடிப்பதற்குள் பதில் சொல்கிறவள் ரோஹிணி. அகிலா பையை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு காத்திருந்தாள். பதில் வரவில்லை. டாக்டர் அதே கேள்வியை இன்னும் மெதுவாக, இந்தத் தடவை உடைந்த தமிழில் கேட்டாள்.